கீழ்பவானி: அணை நெறஞ்சிருக்கு, கடைமடைக்கு ஏன் தண்ணி வரல?

கேள்வி (ஆகஸ்ட் 22, காலை)

பவானிசாகர் 102 அடி ஆயிருச்சு. அணை 105 அடி, இன்னும் 3 அடி எடம் கெடக்கு, ஆனா உபரி நீர்னு சொல்லி ஆத்துல தெறந்து விடறாங்க. வாய்க்கால் தெறந்து ஒரு வாரமாச்சு, சிவகிரி தாண்டி எங்க மதகுல சொட்டுத் தண்ணி இல்ல. ஆத்துல விடற தண்ணிய வாய்க்கால்ல விட்டா என்னங்க? வெவரம் தெரிஞ்சவங்க சொல்லுங்க.

ஆகஸ்ட் 22, இரவு 10.15

நானும் கடைமடைக்காரன்தான் தம்பி, ரெண்டரை ஏக்கர், அப்பாரு காலத்துலருந்து இதே வாய்க்காலை நம்பித்தான் பண்ணையம். உங்க கோவம் எனக்குப் புரியுது, பத்து வருசத்துக்கு முன்னாடி இதே கேள்விய நான் பிரிவு அலுவலகத்துல போயி சத்தம் போட்டு கேட்டேன். (பிடபிள்யூடி, அதாவது பொதுப்பணித்துறைன்னுதான் வாயில வருது, 2021-ல நீர்வளத்துறைன்னு தனியா பிரிச்சுட்டாங்க.)

முதல்ல அந்த 3 அடி. அக்டோபர் கடைசி வரைக்கும் 102 அடிக்கு மேல தேக்கக்கூடாதுங்கறது அணையோட விதி, நவம்பர்லருந்துதான் 105. ஏன்னா அந்த 3 அடிக்குள்ள சுமார் ரெண்டரை டிஎம்சிதான் பிடிக்கும் (ஒரு டிஎம்சின்னா நூறு கோடி கனஅடி). நீலகிரில ஒரு நல்ல மழை பேஞ்சு, மேல இருக்கற பில்லூர் அணை நெரம்பி வழிஞ்சு, மாயாறும் சேந்து வந்தா போற தண்ணிய விட வினாடிக்கு 20 ஆயிரம் கனஅடி கூடுதலா வந்துருதுன்னு வைங்க, ஒன்றரை நாள்ல அந்த 3 அடி முடிஞ்சுது. அதுவும் நம்மளுது மண் அணை. கல் அணையா இருந்தா மேல வழிஞ்சாலும் ஒரு நேரம் தாங்கும், மண் அணை மேல தண்ணி வழிஞ்சா அரிச்சுக்கிட்டே போயிரும். கீழ சத்தி, பவானின்னு ஆத்தோரம் பூராவும் வீடுக. அதனால அந்த எடத்த காலியா வெக்கறது மிச்சம் பிடிக்கறதுக்கு இல்ல, திடீர்னு வர்ற தண்ணிய ஒரு நாளாவது தாங்கி நிறுத்தறதுக்கு.

ரெண்டாவது, ஆத்துல விடற தண்ணிய வாய்க்கால்ல விட முடியாது. வாய்க்கால் தலைப்புல வினாடிக்கு 2,300 கனஅடிதான் விடறாங்க, அதுக்கு மேல ஏத்துனா எங்கியாவது கரை ஒடையும். ஒடஞ்சா பத்து நாள் அடைப்பு, அப்பறம் கடைமடைக்கு இருக்கறதும் இல்ல.

மூணாவது உங்க மதகு. வாய்க்கால் 124 மைல், 200 கிலோமீட்டர். தலைப்புல தெறந்த தண்ணி நம்மகிட்ட வர்றதுக்கே நாளாகும், காஞ்சு கெடந்த மண் மொதல்ல குடிக்கும். நானும் தெனம் காலைல போயி பாத்துட்டுத்தான் வரேன்.

ஆகஸ்ட் 23, காலை 6.30

ராத்திரி தூக்கம் வரல, கணக்குப் போட்டேன். 2,300 கனஅடி, ஒரு நாளைக்கு 86,400 வினாடி, ஆகஸ்ட் 15-லருந்து டிசம்பர் 12 வரைக்கும் 120 நாள். பெருக்குனா 23.8464 டிஎம்சி. அரசாணைல போடற 23,846.40 மில்லியன் கனஅடிங்கறது இதேதான், ஏதோ அளந்து எழுதற கணக்குன்னு இவ்வளவு நாளா நெனச்சிருந்தேன், நேரா பெருக்கி வர்றது. அணை முழுக்க நெரம்புனா 32.8 டிஎம்சி. அதுல முக்காவாசி நம்ம ஒரு போகத்துக்கே போயிருது, அதனாலதான் போகத்துக்கு நடுவுல வரத்து இல்லைனா அணை அப்படி எறங்குது.

ஆயக்கட்டு, அதாவது இந்த வாய்க்கால்ல பாயற நெலம், 2 லட்சத்து 7 ஆயிரம் ஏக்கர். வகுத்தா ஏக்கருக்கு ரெண்டரை அடி ஒசரத்துக்குச் சொச்சம் தண்ணி. நெல்லுக்கு நாலு அடி வேணும். அப்ப பத்தாததுனாலதான் கடைமடைக்கு வரதில்லையா?

ஆகஸ்ட் 24, இரவு

மேல நான் போட்டது தப்பு. கோபி பக்கத்து அண்ணன் ஒருத்தர் எடுத்துச் சொன்னாரு, அவருக்கு நன்றி. 2,07,000 ஏக்கரும் ஒரே போகத்துல நெல்லு போடறதில்ல. ஒரு வருசம் ஒற்றைப்படை மதகுகளுக்கு நஞ்சைத் தண்ணி, இரட்டைப்படைக்கு தை மாசத்துக்கு மேல புஞ்சைத் தண்ணி, அடுத்த வருசம் மாத்தி. சென்னசமுத்திரம் பகிர்மானக் கிளை வாய்க்கால்ல இது தலைகீழா வரும். அப்ப இந்த 23.8 டிஎம்சி 1,03,500 ஏக்கருக்குத்தான். இதே வாய்க்கால்ல பொறந்து வளந்துட்டு இதை விட்டது எனக்கே வருத்தமா இருக்கு.

சரியான கணக்கு: ஏக்கருக்கு 2,30,400 கனஅடி. ஒரு ஏக்கர் 43,560 சதுர அடி. 5.29 அடி வருது.

அஞ்சே கால் அடி! நெல்லு கேக்கறது நாலு அடி சுமாரா. அப்ப அணைலருந்து கெளம்பறது போதுமான தண்ணிதான். வழில ஒண்ணே கால் அடி எங்கியோ போகுது.

ஆகஸ்ட் 25

தண்ணி வந்துருச்சு. மதியம் ரெண்டு மணிக்கு, முன்னாடி குப்பையும் நுரையும் தள்ளிக்கிட்டு. எங்க ஆத்தா இருந்த வரைக்கும் மொதல் தண்ணிக்கு மஞ்சக் குங்குமம் போடுவாங்க. இப்ப எம் பொண்ணு போட்டா.

ஆகஸ்ட் 31, இரவு

ஒரு மதகுத் தண்ணிய யாரு எப்பப் பாச்சறதுங்கற முறை பத்தி ஒருத்தர் கேட்டிருந்தாரு, கொஞ்சம் விரிவாவே எழுதறேன், ஏன்னா அணை மட்டத்த டிவில பாக்கறவங்களுக்கு இது தெரியறதில்ல.

2,300 கனஅடிய 1,03,500 ஏக்கருக்குப் பிரிச்சா 45 ஏக்கருக்கு ஒரு கியூசெக் (வினாடிக்கு ஒரு கனஅடி), மிச்சம் மீதி இல்லாம வகுபடுது. வழில போற சேதாரம் எதையும் இந்தக் கணக்குல கழிக்கல. ஒரு மதகுல 45 ஏக்கர் இருந்து ஒரு கியூசெக் முழுசா வந்தா, வாரத்துக்கு 168 மணி நேரம், ஏக்கருக்கு மூணே முக்கால் மணி நேரம் தண்ணி. என்னோட ரெண்டரை ஏக்கருக்கு ஒம்போது மணி இருவது நிமிசம். நெசத்துல எங்க முறை ஞாயித்துக்கிழமை ராத்திரி எட்டு மணிலருந்து திங்கக்கிழமை காலைல அஞ்சு மணி வரை, ஒம்போது மணி நேரம். இது அப்பாரு காலத்துல பேசி வெச்ச முறை, ஒரு நோட்டுல எழுதி எங்க பெரியப்பா வீட்டுல இருக்கு. கணக்குப் போட்டு வர்றதும் அவங்க பேசி வெச்சதும் இவ்வளவு பக்கமா வருதுன்னு பாத்து ஒரு நிமிசம் ஒக்காந்துட்டேன்.

ஆனா அந்த ஒம்போது மணி நேரமும் ஒரு கியூசெக் வரணுமே. போன ஞாயித்துக்கிழமை எட்டரைக்கு மடை தெறந்தேன், பதினோரு மணிக்குத் தண்ணி பாதியாச்சு. டார்ச் எடுத்துக்கிட்டு கரை மேலயே நடந்தேன், ஒண்ணரை கிலோமீட்டர். ஒரு எடத்துல ஷட்டர கல்லு வெச்சு தூக்கி விட்டிருக்கு, இன்னொரு எடத்துல மோட்டார் ஓடற சத்தம், குழாய் வாய்க்காலுக்குள்ளயே எறங்கி இருக்கு. யாருதுன்னு தெரியும், சொல்ல மாட்டேன், நாளைக்கு மூஞ்சில முழிக்கணும். கல்ல எடுத்துட்டு வந்தேன். திரும்பி வயலுக்கு வர்றப்ப ஒரு மணி. அப்பறம் நாலு மணி நேரந்தான் எனக்குக் கெடச்சது.

வாய்க்காலையும் மதகையும் பாத்துக்கற லஸ்கர் அண்ணன்கிட்ட காலைல சொன்னேன். அவரு ஒரு ஆளு, ஒரு பழைய மொபெட், எத்தனையோ மைல். "கண்ணு, பகல்ல நான் பாத்துக்கறேன், ராத்திரி நீங்க ஊர்க்காரங்க கூடி நடந்தாத்தான் உண்டு"ன்னாரு. அவரு சொன்னதுல தப்பில்ல. நாங்க ஏழு பேரு சேந்து முறை வெச்சு நடக்கறதா முடிவு பண்ணிருக்கோம்.

செப்டம்பர் 1

மேல எழுதினத பாத்துட்டு தம்பி "அப்ப பாசன சபை எதுக்கு"ன்னு கேட்டிருக்காரு. 2000-ல விவசாயிகள் பாசன அமைப்பு மேலாண்மைச் சட்டம் வந்ததே வாய்க்கால் நிர்வாகத்துல ஆயக்கட்டுக்காரங்களுக்குப் பங்கு குடுக்கத்தான். நல்லா நடக்கற சபைகளும் இருக்கு. எங்க பக்கம் கூட்டம்னா வர்றவங்க பெரும்பாலும் மதகுக்குத் தலைப்புல நெலம் வெச்சிருக்கறவங்க, கடைசிக்காரன் அந்நேரம் வயல்ல மடை கட்டிக்கிட்டு இருப்பான்.

செப்டம்பர் 14, மதியம்

ஆத்துல விடற தண்ணி வீணுன்னு சொன்னது பத்தி இன்னொண்ணு. பவானி ஆத்துத் தண்ணிக்கு நம்மள விட மூத்தவங்க இருக்காங்க. கொடிவேரி அணைக்கட்டுலருந்து தடப்பள்ளி, அரக்கன்கோட்டை வாய்க்கால்க, 24,504 ஏக்கர். அதுக்குக் கீழ காலிங்கராயன், 15,743 ஏக்கர், 13-ஆம் நூத்தாண்டு வாய்க்கால். பவானிசாகர் கட்ட ஆரம்பிச்சது 1948-ல, முடிஞ்சது 1955-ல. அவங்க தண்ணிக் கணக்கு அதுக்கு எத்தனையோ தலைமொறை முன்னாடியே ஆரம்பிச்சாச்சு. அவங்களுக்குப் போறது ஆத்து வழியாத்தான், நம்ம கண்ணுக்கு உபரி மாதிரி தெரியும். அவங்களத் தாண்டி காலிங்கராயன் அணைக்கட்டுக்குக் கீழ போற உபரிலருந்துதான் அத்திக்கடவு - அவினாசித் திட்டத்துக்கு எடுக்கறாங்க, 2024 ஆகஸ்ட் 17-ல தொடங்குனது, ஒன்றரை டிஎம்சி, 1,045 ஏரி குளம் குட்டைக. எழுவது நாளைக்கு 250 கனஅடி எடுத்தா அந்த ஒன்றரை டிஎம்சி சரியா வந்துருது. எங்க அம்மா ஊரு அவினாசிப் பக்கம். சின்ன வயசுல லீவுக்குப் போனா குளிக்கத் தண்ணி அளந்துதான் ஊத்துவாங்க எங்க அம்மிச்சி. அதனால அந்த உபரிய வீணுன்னு என்னால சொல்ல முடியல.

மிச்சம் கூடுதுறைல காவேரில கலந்து டெல்டாவுக்குப் போகுது. அங்கயும் நெல்லுதான்.

செப்டம்பர் 14, இரவு

இதச் சொல்லத்தான் மதியம் ஆரம்பிச்சேன், வேற பக்கம் போயிட்டேன். அந்த ஒண்ணே கால் அடி.

எனக்கு இப்பத் தோணறது கான்கிரீட்தான். வாய்க்காலுக்குக் கான்கிரீட் போடற 709 கோடி ரூபா திட்டத்த எதுத்து அவ்வளவு போராட்டம் நடந்துச்சு, ஹைகோர்ட் வரைக்கும் போச்சு, நானும் ஒரு நாள் போயி ஒக்காந்தேன். ஆனா கணக்கப் பாத்தா மனசு மாறுது. அஞ்சே கால் அடி கெளம்பி நாலு அடிதான் பயிருக்குன்னா, மிச்சம் மண்ணு குடிக்கறதுதானே? பக்கமும் தரையும் பூசிட்டா கடைமடைக்கு முழுசா வந்துருமே. மேல இருக்கறவங்க கிணத்துக்குக் கசிவு வேணுங்கறதுக்காக நாங்க எதுக்கு ராத்திரி டார்ச் அடிச்சுக்கிட்டுத் திரியணும்?

கோவமா எழுதறேன்னு தெரியுது. ஆனா நெனைக்கறத எழுதறேன்.

செப்டம்பர் 16

எதிர்பாத்த மாதிரியே நெறைய பேரு திட்டிருக்கீங்க. அதுல ஒண்ணு மட்டும் மனசுல நின்னுச்சு, எங்க பெரியப்பா போன்ல கேட்டது: "ஏன்டா, நம்ம மதகுக்குத் தண்ணி இல்லாத ஆடிலயும் மாசியிலயும் தென்னை எதுல நிக்குது?"

கிணத்துலதான். கிணத்துல எப்படி இருக்குன்னு நான் இத்தன வருசமா யோசிச்சதே இல்ல, மழைன்னு நெனச்சுக்கிட்டேன். எங்க பக்கம் பேயற மழை எவ்வளவுன்னு எல்லாருக்கும் தெரியும்.

சண்ட போடறத நிறுத்திட்டு அளக்கப் போறேன். எங்க கிணத்துல கல்லுப் படி இருக்கு, தண்ணிக்கு மேல எத்தனை படி தெரியுதுன்னு எண்ணி இங்கயே எழுதறேன். நெறையப் படி தெரிஞ்சா தண்ணி கீழ போச்சுன்னு அர்த்தம். இன்னிக்கு 5 படி தெரியுது.

செப்டம்பர் 29

4 படி. மோட்டார் தெனம் ரெண்டு மணி நேரம் தென்னைக்கு மட்டும். இதே அளவு மாத்தாம ஓட்டறேன், இல்லைனா கணக்கு குழம்பிரும்.

அக்டோபர் 20

ராத்திரி நடக்கற ஏழு பேரு இப்ப பன்னண்டு ஆயிட்டோம். கல்லு வெச்சு ஷட்டர் தூக்கறது நின்னுருச்சு. மோட்டார் குழாயும் எடுத்துட்டாங்க, அவங்க வீட்டுப் பையனே இப்ப எங்களோட நடக்க வரான். போன ஞாயித்துக்கிழமை ஒம்போது மணி நேரமும் தண்ணி வந்துச்சு. நாலு மணிக்கே கடைசி வயலு நெறஞ்சுது, அப்பறம் கீழ இருக்கறவருக்கு ஒரு மணி நேரம் விட்டுக் குடுத்தேன்.

இத நான் எதுக்கு எழுதறேன்னா, செப்டம்பர் 14-ல நான் மண்ணு குடிக்குதுன்னு சொன்ன தண்ணில ஒரு பங்கு மண்ணு குடிக்கவே இல்ல. கல்லும் குழாயும் குடிச்சிருக்கு. 5.29-க்கும் நாலுக்கும் நடுவுல இருக்கற எல்லாத்தையும் கசிவுன்னு நான் போட்டது தப்பு.

நவம்பர் 9

மழை. மூணு நாளா வாய்க்கால் கரைல நடக்க முடியல. படி 3.

டணாய்க்கன் கோட்டை பத்தி ஒருத்தர் கேட்டிருந்தாரு. ஆமா, அணைக்குள்ள முங்கிக் கெடக்கு, அணை கட்டறதுக்கு முன்னாடி அங்க கோயிலும் ஊரும் இருந்துச்சு. தண்ணி ரொம்ப எறங்குற வருசம் மாதவப் பெருமாள் கோயில் வெளிய தெரியும். எங்க பெரியப்பா ஒரு தடவ பரிசல்ல போயிப் பாத்திருக்காரு. அந்தக் கோயில் தெரியற வருசம் நமக்குத் தண்ணி இருக்காது, அதனால அவரு பாத்ததப் பத்தி சந்தோசமாப் பேச மாட்டாரு.

டிசம்பர் 12

இன்னிக்குத் தலைப்புல அடைக்கற நாள். எங்க பக்கம் வத்தறதுக்கு இன்னும் ரெண்டு மூணு நாளாகும். நெல்லு அறுப்புக்கு நிக்குது. படி 4.

ஜனவரி 4

23 நாள் ஆச்சு. 11 படி தெரியுது. மழை இல்ல, மோட்டார் அதே ரெண்டு மணி நேரந்தான். ஏழு படி எறங்கிருக்கு. ஒரு படி முக்கா அடிக்குக் கொஞ்சம் குறைவு, ஆக அஞ்சு அடி. எனக்குக் கொஞ்சம் பயமாவே இருக்கு, இப்படியே எறங்குனா பங்குனில அடி தெரிஞ்சுரும்.

ஜனவரி 12

புஞ்சைத் தண்ணி தெறந்துட்டாங்க. இது எங்களுக்கு இல்ல, மத்த மதகுகளுக்கு. கடலைக்கும் எள்ளுக்கும் விட்டு விட்டு அஞ்சு நனைப்பு. எங்க மதகு ஷட்டர் எறக்கிப் பூட்டியாச்சு, நானே போயி பாத்தேன், ஒழுகல. படி 13.

ஜனவரி 26, காலை

இத எழுத ரெண்டு நாளா காத்திருந்தேன், தப்பா எண்ணிருக்கேனோன்னு மூணு தடவ எறங்கிப் பாத்தேன்.

9 படி.

எங்க மதகு பூட்டிருக்கு. மழை ஒரு சொட்டு இல்ல. மோட்டார் அதே ரெண்டு மணி நேரம் ஓடிக்கிட்டு இருக்கு. கிணறு நாலு படி ஏறிருக்கு.

ஜனவரி 26, இரவு

கோபி அண்ணன் நியாயமா ஒண்ணு கேட்டிருக்காரு: ஏறுனது வாய்க்கால் தரையோட கசிவா, இல்ல பக்கத்து மதகுல கடலைக்குப் பாச்சுன தண்ணி கீழ எறங்குனதா? வயல்ல பாச்சுனதுதான்னா கான்கிரீட் போட்டாலும் அது நிக்காதே?

நல்ல கேள்வி. எங்க மாமன் கிணறு வாய்க்கால்லருந்து எரநூறு மீட்டர்ல இருக்கு, எங்களுது ஒரு கிலோமீட்டர் கிட்ட. அவரு கிணறு வாய்க்கால்ல தண்ணி வந்த நாலாம் நாளே ஏறிருச்சாம், அப்ப பக்கத்துல யாரும் கடலைக்கு மடை தெறக்கவே இல்ல. எங்களுது பத்து நாள் கழிச்சுத்தான் ஏறுச்சு, அதுக்குள்ள சுத்திலும் பாச்சிட்டாங்க. ஆக அவரோடது வாய்க்கால் கசிவுதான்னு தெளிவாச் சொல்லலாம், என்னோடதுல ரெண்டும் கலந்திருக்கும், எது எவ்வளவுன்னு படிய எண்ணிப் பிரிக்க முடியாது.

ஆனாலும் செப்டம்பர் 14-ல எழுதினத வாபஸ் வாங்கறேன். அழிக்கல, அப்படியே இருக்கட்டும். நஞ்சை இல்லாத வருசத்துல ஆடிலருந்து தை வரைக்கும் வாய்க்கால் நம்மளத் தாண்டித்தான் போகுது, மதகு பூட்டிக் கெடக்கும், அந்த அஞ்சு மாசமும் நம்ம தென்னைக்கும் மாட்டுக்கும் தண்ணி குடுக்கறது இந்தக் கசிவுதான். பேப்பர்ல சேதாரம்னு போட்டிருக்கறதுல என்னோட பங்கும் இருக்கு. ஈரோட்டுல பெரும்பள்ளம் ஓடை வருசம் பூரா ஓடறதும் இந்த மாதிரிக் கசிவாலதான், நானே எத்தனை தடவ பஸ்ல தாண்டிப் போயிருக்கேன்.

இதுக்காக ஒண்ணும் பண்ண வேண்டாம்னு சொல்லல. மதகு, ஷட்டர், பாலம், கரை பலவீனமா இருக்கற எடம், இதெல்லாம் எழுவது வருசப் பழசு, ஒவ்வொண்ணா எடுத்துக் கட்டணும், எங்க மதகு ஷட்டர் திருகே வழுக்கிப் போயி கெடக்கு. லஸ்கர் வேலைக்கு ஆளு போடணும். தரைய மட்டும் மண்ணாவே விடணும். கடைமடைக்குத் தண்ணி லேட்டாத்தான் வரும், அத நாங்க ராத்திரி நடந்து பாத்துக்கறோம், பன்னண்டு பேரு இருக்கோம்.

பிப்ரவரி 8

மொதல்ல கேள்வி கேட்ட தம்பி போன் பண்ணாரு. அவரு மதகு இந்த வருசம் எங்களோடதேதான், நடந்து போற தூரம், இத்தன மாசம் தெரியாமப் போச்சு. அவங்க கிணத்துல படி இல்ல, கயித்துல ஒரு முழத்துக்கு ஒரு முடிச்சுப் போட்டு எறக்கச் சொல்லிருக்கேன். நனைப்பு விட்ட நாளும் அடைச்ச நாளும் குறிச்சு வெச்சுக்கங்க தம்பி, ஒரே கிணத்த வெச்சு நான் சொல்றது பத்தாது.

எங்களுது இன்னிக்கு 8 படி.